தெரியாத ஒரு வரி

நம் முன்னோர் வீட்டுக் கணக்கைத் தம் கைப்பட எழுதினர். பால் கணக்கு, மளிகைக் கணக்கு, திருவிழாவுக்குக் கொடுத்த தலைக்கட்டு வரி, மகள் வீட்டுக்கு அனுப்பிய சீர் என எல்லாம் ஒரே நோட்டில், ஒரே கையெழுத்தில் இருக்கும். அந்த நோட்டில் மறந்துபோன செலவு இருக்கலாம். அறியாத செலவு இருக்க வழியில்லை. எழுதிய கைதான் கொடுத்த கையும்.

இன்று நம் கணக்கை நமக்காக ஓர் இயந்திரம் எழுதுகிறது. மாதம் ஒருமுறை வங்கிக்குச் சென்று கணக்கேட்டை நீட்டினால், நாம் அறிந்தவையும் அறியாதவையுமாக வரிகள் அச்சாகி வருகின்றன. அவற்றுள் ஒரு வரி நமக்கு விளங்கவில்லை என்றால், அந்த வெற்றிடத்தை நாம் எதனால் நிரப்புகிறோம்? பெரும்பாலும் அச்சத்தால் நிரப்புகிறோம். அச்சம் முற்றினால், அருகில் இருக்கும் ஓர் ஆளின் பெயரால் நிரப்புகிறோம். இதை நான் கண்கூடாகக் கண்டது 2024-ஆம் ஆண்டு செப்டம்பர் மாதத்தில். இது ஒப்புரவு அருட்சாதனத்தில் கேட்ட செய்தி அன்று. சம்பந்தப்பட்டவர்களின் இசைவோடுதான் எழுதுகிறேன்.

எங்கள் பங்கில் ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர் இருக்கிறார். முப்பத்து நான்கு ஆண்டுகள் பள்ளியில் பணியாற்றியவர். அவருடைய கணவர் அந்த ஆண்டு சனவரியில் இறைவனடி சேர்ந்தார். வீட்டில் பழைய கார் ஒன்று உண்டு. கணவர் கடைசிவரை கார் ஓட்டக் கற்றதில்லை. ஓட்டுநர் உரிமமும் எடுத்ததில்லை. வெளியே செல்ல வேண்டிய நாள்களில் இரண்டு வீடு தள்ளியிருந்த இளைஞன் ஒருவன் கூலிக்கு வந்து ஓட்டுவான். ஐ.டி.ஐ. படித்தவன், சிறுவனாக இருந்தபோது பீடப்பணி செய்தவன். கணவர் இறந்தபின் அந்த அம்மையாருக்கு மருந்து வாங்கித் தருவதும், ஏ.டி.எம். இயந்திரத்தில் பணம் எடுத்துத் தருவதும் அவனே. அட்டையும் இரகசிய எண்ணும் அவன் கைக்கு வந்துபோகும்.

ஒருநாள் மாலைத் திருப்பலி முடிந்ததும் அந்த அம்மையார் பங்கு இல்லத்துக்கு வந்தார். கணக்கேட்டை விரித்து, ஒரு வரியின் மீது விரலை வைத்தார். 4,090 ரூபாய் பற்று. தொகைக்கு முன்னால் பொருள் விளங்காத சில ஆங்கில எழுத்துகள்.

“சாமி, இது நான் எடுத்த பணமில்லை. அந்தப் பையன்தான் எடுத்திருக்கிறான். இனி வீட்டுப் பக்கமே வரவேண்டாம் என்று சொல்லிவிட்டேன்” என்றார்.

“அவனிடம் கேட்டீர்களா, டீச்சர்?”

“கேட்டால் இல்லை என்றுதானே சொல்வான்.”

அவர் சொல்லி முடிப்பதற்குள்ளேயே எனக்கு இன்னொன்று புரிந்தது. அந்த வாரம் அன்பியக் கூட்டத்துக்கு இளைஞனின் தாய் வரவில்லை. செய்தி தெருவுக்குள் நுழைந்து இரண்டு நாளாகிவிட்டது.

பணம் பெரிதா, சிறிதா என்பது ஒருபுறம் இருக்கட்டும். கணவரை இழந்து தனியே வாழும் பெண்ணுக்கு நாலாயிரம் ரூபாய் பெரிய தொகைதான். ஆயினும் அந்த ஏட்டில் பணத்தைவிடப் பெரிய ஒன்று பற்று எழுதப்பட்டிருந்தது. இருபத்து மூன்று வயது இளைஞன் ஒருவனின் நற்பெயர் அது. அவனுக்கு வேறு சொத்து இல்லை.

ஆகவே அந்த வரியை நிதானமாகப் படித்துப் பார்க்கலாம் என்று அமர்ந்தோம்.

முதலில் தொகை. 4,090. நம் ஊர் ஏ.டி.எம். இயந்திரங்கள் நூறு, இருநூறு, ஐந்நூறு ரூபாய்த் தாள்களைத் தருகின்றன. தொண்ணூறு ரூபாய் சில்லறையை எந்த இயந்திரமும் எண்ணித் தருவதில்லை. எனவே அட்டையைக் கொண்டு இயந்திரத்தில் எடுத்த பணமாக அது இருக்க முடியாது. அட்டையைக் கடையில் தேய்த்திருக்கலாமே என்ற கேள்வி எழுந்தது. அப்படியானால் பி.ஓ.எஸ். என்ற எழுத்துகளைப் போல, கடையில் நடந்ததைக் காட்டும் குறி இருந்திருக்கும். இங்கே இருந்ததோ ஏ.சி.எச். என்ற மூன்றெழுத்து.

இந்த மூன்றெழுத்தை வாசகர்களும் அறிந்திருப்பது நல்லது. ஒருவர் தம் கணக்கிலிருந்து குறிப்பிட்ட நாளில் குறிப்பிட்ட நிறுவனத்துக்குப் பணம் செல்லலாம் என்று முன்கூட்டியே கையொப்பமிட்டு ஆணை கொடுத்திருந்தால், வங்கிகளுக்கிடையேயான பொதுத் தீர்வு முறை ஒன்றின் வழியாக அந்தப் பணம் தானாகவே பிடிக்கப்படும். அம்முறையை நடத்துவது இந்திய தேசியக் கொடுப்பனவுக் கழகம். கடன் தவணை, ஆயுள் காப்பீட்டுத் தவணை முதலியவை பலருக்கும் இவ்வாறுதான் செல்கின்றன. ஒவ்வோர் ஆணைக்கும் இருபது எழுத்துகளும் இலக்கங்களும் கொண்ட தனி அடையாள எண் உண்டு. வங்கியில் கேட்டால், யார் கையொப்பமிட்டார், எந்த நிறுவனத்துக்கு, எந்தத் தொகை வரை என்பதைக் காட்டுவார்கள்.

ஏ.சி.எச். என்பதற்குப் பின் நிறுவனத்தின் பெயர் பாதியில் வெட்டுண்டு கிடந்தது. அம்மையார் எழுத்தெழுத்தாக வாசித்தார்: “ஜி, இ, என்... ஐ, என், எஸ்.” ‘ஜெனரல் இன்சூரன்ஸ்’ என்ற சொற்களின் தலைகள் அவை. உடல்களை இயந்திரம் இடம் போதாமல் வெட்டிவிட்டது.

“பழைய கணக்கேடு வீட்டில் இருக்கிறதா, டீச்சர்?” என்று கேட்டேன். மறுநாள் காலை கொண்டுவந்தார். 2023 செப்டம்பர் பக்கத்தைப் புரட்டினோம். அதே மூன்றெழுத்து, அதே வெட்டுண்ட பெயர், அதே 4,090. முந்தைய ஆண்டு அந்த ஏட்டைப் பார்த்தவர் அவருடைய கணவர். பார்த்தார், அறிந்திருந்தார், பக்கத்தைத் திருப்பினார். அறிந்தவர் கண்ணுக்கு அது சாதாரண வரி. அறியாதவர் கண்ணுக்குத் திருட்டு.

பங்கின் காருக்குரிய காப்பீட்டுப் பத்திரம் என் அலமாரியில் இருந்தது. அதை எடுத்து அருகில் வைத்தேன். நம் நாட்டில் மூன்றாம் நபர் காப்பீட்டுக் கட்டணத்தை நிறுவனங்கள் விருப்பம்போல் வைப்பதில்லை, அரசே அறிவிக்கிறது. 2022 சூன் 1 முதல் நடைமுறைக்கு வந்த விகிதத்தின்படி, 1,000 சி.சி.க்கு உட்பட்ட தனியார் காருக்கு 2,094 ரூபாய். 1,000-க்கு மேல் 1,500 வரை 3,416 ரூபாய். அதற்கும் மேலென்றால் 7,897 ரூபாய். அம்மையாரின் கார் நடுப்பிரிவைச் சேர்ந்தது. 3,416-க்குப் பதினெட்டு விழுக்காடு சரக்கு சேவை வரி சேர்த்தால் 4,030 ரூபாய் 88 காசு. கிட்டத்தட்ட வந்துவிட்டது, ஆனால் 59 ரூபாய் இடித்தது. அந்த ஐம்பத்தொன்பது எங்கிருந்து வந்தது?

வங்கிக்குச் சென்றோம். அலுவலர் பொறுமையாக ஆணையின் படியை எடுத்துக் காட்டினார். 2022-ஆம் ஆண்டு கணவர் இட்ட கையொப்பம் அதில் இருந்தது. இருவர் பெயரிலும் உள்ள கணக்கு அது. பணம் பிடிக்கப்படும் செய்தியும் முறைப்படி கைப்பேசிக்கு அனுப்பப்பட்டிருந்தது. ஆனால் கணக்கோடு இணைக்கப்பட்டிருந்தது கணவரின் எண். அந்தக் கைப்பேசி சனவரி முதல் அலமாரித் துணிகளுக்கிடையே அணைந்து கிடந்தது.

வீடு திரும்பி, கணவர் கட்டி வைத்திருந்த கோப்புகளைத் தேடினார் அம்மையார். பத்திரம் அகப்பட்டது. கார் பழையது என்பதால் அதன் சேதத்துக்குக் காப்பீடு எடுக்கவில்லை. உரிமையாளரே ஓட்டுநராக இருந்தால் சேரவேண்டிய சொந்த விபத்துக் காப்பீடும் இல்லை. அவரிடம்தான் உரிமமே கிடையாதே. மூன்றாம் நபருக்கான 3,416 ரூபாய். அதன் கீழே இன்னொரு வரி, 50 ரூபாய். இரண்டும் சேர்ந்து 3,466. வரி 623 ரூபாய் 88 காசு. மொத்தம் 4,089 ரூபாய் 88 காசு, முழுமையாக்கினால் 4,090. கணக்கு நேராகிவிட்டது.

அந்த ஐம்பது ரூபாய் எதற்கு என்று பத்திரமே சொன்னது. கூலிக்கு அமர்த்தப்பட்ட ஓட்டுநருக்கு ஏதேனும் நேர்ந்தால் உரிமையாளர் சட்டப்படி ஏற்கவேண்டிய பொறுப்புக்கான கூடுதல் கட்டணம் அது. யார் அந்த ஓட்டுநர்? இரண்டு வீடு தள்ளியிருந்த அதே இளைஞன்தான். எந்த வரியைக் காட்டி அவன் திருடன் எனப்பட்டானோ, அந்த வரிக்குள் அவனுடைய பாதுகாப்புக்கென ஒரு முதியவர் ஆண்டுதோறும் எடுத்துவைத்த ஐம்பது ரூபாய் இருந்தது.

அம்மையார் நெடுநேரம் பேசவில்லை. பிறகு, “அவர் என்னிடம் சொல்லவேயில்லை, சாமி” என்றார். கணவரைக் குறை சொல்லும் குரலாக அது ஒலிக்கவில்லை.

குருமடத்தில் அறநெறி இறையியல் படித்தபோது, ஐயத்தின் அடிப்படையில் தீர்ப்பிடுவதைப் பற்றிப் புனித தோமா அக்குவினாஸ் எழுதியதைக் கற்றோம். பிறர் மீது ஐயம் மூன்று ஊற்றுகளிலிருந்து பிறக்கிறது என்கிறார் அவர். தன் உள்ளம் கெட்டிருப்பதால் பிறரையும் அவ்வாறே எண்ணுவது ஒன்று. ஒருவர் மீது ஏற்கெனவே வெறுப்போ பொறாமையோ இருப்பது மற்றொன்று. நீண்ட வாழ்க்கை அனுபவம் மூன்றாவது. முதியோர் அதிகம் ஐயுறுகின்றனர் என்ற அரிஸ்டாட்டிலின் கருத்தை அவர் அங்கே நினைவுகூர்கிறார். இளம் மாணவனாக அதைக் கேட்டபோது அது ஒரு பாகுபாடாக மட்டுமே தோன்றியது. இந்த அம்மையாரை எண்ணும்போது அதன் கனிவு விளங்குகிறது. அவர் கெட்டவரும் அல்லர். அந்த இளைஞனை வெறுத்தவரும் அல்லர். முப்பத்து நான்கு ஆண்டுகள் வகுப்பறையில் காணாமற்போன பேனாக்களுக்கும் கட்டணப் பணத்துக்கும் விசாரணை நடத்தியவர். அதோடு, தம் கணக்கை அறிந்திருந்த ஒரே ஆளை எட்டு மாதங்களுக்கு முன் மண்ணில் வைத்தவர். அவருடைய ஐயத்துக்குள் தனிமை இருந்தது.

அதே இடத்தில் அப்புனிதர் இன்னொன்றும் சொல்கிறார். தெளிவான சான்று இல்லாதவரை, ஐயத்துக்குரியதை நல்ல பொருளிலேயே கொள்ளவேண்டும் என்பது அவர் முடிவு. அதனால் நாம் சிலவேளை ஏமாறக்கூடும் என்பதும் அவருக்குத் தெரியும். கெட்டவனை நல்லவன் என்று எண்ணி அடிக்கடி ஏமாறுவது, நல்லவனைக் கெட்டவன் என்று எண்ணி எப்போதோ ஒருமுறை தவறுவதைவிட மேல் என்று அவர் துணிகிறார். வங்கியில் தவறாகப் பிடிக்கப்பட்ட பணத்துக்கு எதிர்ப்பதிவு போட்டுத் திருப்பிவிடலாம். தெருவில் பரவிய சொல்லுக்கு எதிர்ப்பதிவு போடும் இயந்திரம் எங்கே இருக்கிறது?

இந்த நிகழ்ச்சி என்னை இன்னொரு சிந்தனைக்கும் இட்டுச்சென்றது. காப்பீட்டுக் கட்டணத்தை நம்மில் பலர் வீண் செலவாகவே கருதுகிறோம். “ஆண்டுதோறும் கட்டுகிறோம், ஒன்றும் திரும்பி வருவதில்லை” என்று சலித்துக்கொள்கிறோம். ‘மூன்றாம் நபர்’ என்ற சொல்லைச் சற்றே கூர்ந்து நோக்குங்கள். முதல் நபர் காரின் உரிமையாளர். இரண்டாம் நபர் காப்பீட்டு நிறுவனம். மூன்றாம் நபர் யார்? நம் வண்டியால் அடிபடக்கூடிய, நாம் ஒருநாளும் கண்டிராத ஒரு மனிதர். சாலையோரம் பூ விற்கும் பெண்ணாக இருக்கலாம். பள்ளிவிட்டு வரும் சிறுமியாக இருக்கலாம். அவருடைய உயிருக்கும் உடலுக்கும் நேரும் இழப்பை ஈடுசெய்ய நம்மிடம் பணம் இல்லாமற்போனாலும், அவர் குடும்பம் தெருவில் நிற்கக்கூடாது என்பதற்காகவே 1939-ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டம் இந்தக் காப்பீட்டைக் கட்டாயமாக்க வழிசெய்தது. இன்று 1988-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 146-ஆவது பிரிவு அதையே வற்புறுத்துகிறது. காரின் சேதத்துக்குக் காப்பீடு எடுப்பதும் விடுவதும் நம் விருப்பம். முன்பின் அறியாத அயலாருக்குரியதை விட்டுவிட நமக்கு உரிமையில்லை. எரிகோ சாலையில் அடிபட்டுக் கிடந்தவருக்காக விடுதிக்காரரிடம் இரண்டு தெனாரியத்தைக் கொடுத்துச் சென்ற சமாரியரை, அடுத்த முறை கட்டணம் செலுத்தும்போது நாம் நினைத்துக்கொள்ளலாம்.

திருச்சபையும் இதை உலகியல் அலுவல் என்று ஒதுக்கிவிடவில்லை. 1983-ஆம் ஆண்டு வெளியான திருச்சபைச் சட்டத் தொகுப்பின் 1284-ஆவது சட்டம் திருச்சபைப் பொருள்களை நிருவகிப்போரின் கடமைகளை வரிசைப்படுத்துகிறது. ஒப்படைக்கப்பட்டவை அழியாமலும் சேதமுறாமலும் காக்கவேண்டும், அதற்குத் தேவையான அளவு காப்பீடும் செய்யவேண்டும் என்பது அவ்வரிசையில் முதலாவதாக நிற்கிறது. வரவு செலவு ஏடுகளை ஒழுங்காக வைத்திருப்பதும், ஆண்டு முடிவில் கணக்கைத் தயாரிப்பதும் அதே சட்டத்தில் உள்ளன. பங்குக்கு விதித்த இந்த ஒழுங்கு இல்லங்களுக்கும் பொருந்தாதா?

ஆகவே குடும்பத் தலைவர்களுக்கும் தலைவியருக்கும் சில சொற்கள். உங்கள் கணக்கிலிருந்து தானாகப் பிடிக்கப்படும் தொகைகள் எவை, எந்த மாதத்தில், யாருக்கு என்பதை ஒரு தாளில் எழுதி, துணைவருக்கும் பிள்ளைகளுக்கும் தெரியும் இடத்தில் வையுங்கள். கணக்கோடு இணைந்த கைப்பேசி எண் வழக்கத்தில் உள்ள எண்தானா என்று பாருங்கள். இரகசிய எண்ணைப் பிறருக்குத் தருவது வங்கி விதிகளுக்கு மாறானது. தந்தவருக்கும் ஆபத்து, பெற்றவருக்கும் ஆபத்து. விளங்காத பற்று ஒன்றைக் கண்டால், முந்தைய ஆண்டின் அதே மாதத்தைப் புரட்டுங்கள். வீட்டிலுள்ள பத்திரங்களோடு ஒப்பிடுங்கள். கிளைக்குச் சென்று ஆணையின் படியைக் கேளுங்கள். இனி வேண்டாத ஆணையானால் எழுதிக்கொடுத்து நிறுத்தலாம்.

பொறுமை வேண்டும் என்பதற்காகக் காலம் தாழ்த்தவும் கூடாது. உண்மையிலேயே நீங்கள் அனுமதிக்காத மின்னணுப் பரிமாற்றம் என்றால், 2017 சூலை 6-இல் ரிசர்வ் வங்கி பிறப்பித்த ஆணை உங்களுக்குத் துணையாக நிற்கிறது. தவறு உங்களுடையதாகவும் வங்கியுடையதாகவும் இல்லாமல் வெளியாரால் நேர்ந்திருந்து, வங்கியின் செய்தி கிடைத்த மூன்று வேலை நாள்களுக்குள் நீங்கள் தெரிவித்துவிட்டால், இழப்பு உங்கள் மேல் விழாது என்கிறது அது. முதலில் வங்கிக்குச் சொல்லுங்கள். இணையவழி மோசடி என்று தெரிந்தால் 1930 என்ற எண்ணுக்கும் சொல்லுங்கள். அண்டை வீட்டாருக்குச் சொல்வதுதான் சற்றுப் பொறுக்கலாம்.

வாகன உரிமையாளர் இறந்துவிட்டால் இன்னொரு கடமையும் உண்டு. முப்பது நாள்களுக்குள் வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்துக்குத் தெரிவித்து, மூன்று மாதங்களுக்குள் 31-ஆம் படிவத்தில் விண்ணப்பித்து, பதிவை வாரிசின் பெயருக்கு மாற்றவேண்டும். காப்பீட்டுப் பத்திரத்தையும் அவ்வாறே மாற்றிக்கொள்ள வேண்டும். இறந்தவர் பெயரிலேயே விட்டுவைத்தால், விபத்து நேரும் நாளில் கட்டிய பணம் இருந்தும் வழக்காட வேண்டிவரும். அம்மையார் தாமதக் கட்டணம் செலுத்தி இரண்டையும் தம் பெயருக்கு மாற்றிக்கொண்டார். ஐம்பது ரூபாய் வரியை அப்படியே இருக்கவிட்டார்.

அந்த இளைஞனின் வீட்டுக்கு அவர் தனியாகவே சென்றார். நான் உடன் வருவதாகச் சொன்னபோது, “இது நான் போகவேண்டிய இடம், சாமி” என்று மறுத்துவிட்டார். அடுத்த அன்பியக் கூட்டத்தில், யாரிடமெல்லாம் முன்பு சொன்னாரோ அவர்கள் முன்னிலையில் எழுந்து நின்று, நடந்ததை ஒளிக்காமல் சொன்னார். இளைஞனின் தாய் அழுதார். மூன்று வாரங்களுக்குப்பின் அவன் மறுபடியும் கார் ஓட்ட வந்தான். மருந்து வாங்கித் தருகிறான். கோவிலுக்கு அழைத்து வருகிறான். ஏ.டி.எம். அட்டையை மட்டும் இன்றுவரை அவன் கையில் வாங்குவதில்லை. அம்மையாரே நடந்து சென்று பணம் எடுக்கிறார். அவன் சற்றுத் தள்ளி, வண்டியருகே நின்றுகொள்கிறான்.

மன்னிப்பு மெய்யானதுதான். ஆயினும் மன்னிப்புக்குப் பின்னும் நம்பிக்கை திரும்பி வரக் காலம் பிடிக்கிறது. காத்திருக்க வேண்டியவர், ஐயுற்றவரே. கணக்கேட்டில் விளங்காத ஒரு வரியை நாம் நாளையும் காண்போம். அதன் முழுப்பொருளை அறியும்வரை, எவர் பெயரையும் அதனருகே எழுதாதிருப்போம்.